லைசன்ஸில் உள்ள முகம்

மொனராகலை
2019 மே 3

அன்புள்ள தம்பி ஷுக்ரிக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நான் சுகம். நீயும் ஷஹீலாவும் பிள்ளைகளும் சுகமாக இருக்க அல்லாஹ் துணை. காது மருந்தை விடாமல் போடு. போனில் பேசினால் உனக்குக் கேட்காது. உன் மகன் ஸப்ரான் கேட்டுச் சொன்னால் பாதி அவனுடைய சொந்தச் சரக்கு. நமக்குக் கடிதம்தான் சரி. ஈஸ்டர் குண்டுவெடிப்புக்குப் பிறகு சில நாள் வட்ஸ்அப்பையும் தடுத்திருந்தார்கள். எட்டு வருடமாகத் தபால்காரரை நம்பியிருக்கிற நாம் இரண்டு பேரும்தான் கெட்டிக்காரர்கள்.

முகம் மூடக்கூடாது என்று சட்டம் வந்த மறுநாள், செவ்வாய்க்கிழமை, விற்க இரண்டு பொட்டலம் மாணிக்கக் கல்லோடு பதுளைக்கு பஸ் ஏறினேன். முகத்தைத் திறந்துதான் போனேன். இருபத்தெட்டு வருடத்துக்குப் பிறகு வெயில் கன்னத்தில் பட்டது. சோதனைச்சாவடியில் எல்லோரையும் இறக்கினார்கள். பெண்களைத் தகர மறைப்புக்குப் பின்னால் சோதித்தாள் ஆமிக்காரப் பிள்ளை ஒருத்தி. அவள் கை வைக்கும் முன்னே, "மகள், இடுப்பில் பிஸ்டல் இருக்கிறது, லைசன்ஸ் கைப்பையில் இருக்கிறது" என்று சிங்களத்தில் சொன்னேன். அவள் இரண்டு அடி பின்னால் பாய்ந்தாள். அவ்வளவுதான். நாலு பக்கமும் துவக்கை நீட்டினார்கள்.

முன்பெல்லாம் பெண் பொலிஸ் ஒருவர் என்னைத் தனியே கூட்டிப் போவார். நிகாபைத் தூக்குவேன், படத்தைப் பார்ப்பார், இரண்டு நிமிடத்தில் முடிந்துவிடும். இந்த முறை திறந்த முகத்தோடு ஒரு மணி நேரம் நின்றேன். லைசன்ஸை என் காதோடு வைத்துப் பிடித்து ஆறு பேர் மாறி மாறிப் பார்த்தார்கள். கடைசியில், "சரி அம்மா, எல்லாம் சரியாக இருக்கிறது" என்றார் அவர்களில் பெரிய அதிகாரி. பஸ் என் குடையோடு போய்விட்டிருந்தது. நான் வீட்டுக்குத் திரும்பி வந்தேன்.

உனக்குத் தெரியாததில்லை. என் கணவரை, உன் மச்சானை, பசறைக்கு இந்தப் பக்கம் மறித்து வெட்டிக் கொன்று கல்லைப் பறித்தவன் பிணையில் வெளியே இருக்கிறான். அதனால்தானே இந்த லைசன்ஸே கிடைத்தது. அவன் முகம் எனக்குத் தெரியும். என் முகம் அவனுக்குத் தெரியாது. இதுவரை அந்த ஒன்றில்தான் நான் அவனுக்கு மேலே இருந்தேன்.

வேறு புதினம் இல்லை. கடையைத் திறந்து வைத்திருக்கிறேன். வியாபாரம் மந்தம்.

துஆவுடன்,
உன் ராத்தா நஸ்மியா


பதுளை
2019 மே 12

அன்புள்ள ராத்தாவுக்கு,

வஅலைக்குமுஸ்ஸலாம். உங்கள் கடிதம் ஏழாம் நாள் வந்தது. தபால் உறையை யாரோ பிரித்து ஒட்டியிருந்தார்கள். நாங்கள் சுகம். நோன்பு நடக்கிறது. நீங்கள் தனியே நோன்பு திறப்பதை நினைத்தால் கஞ்சி இறங்குவதில்லை.

கடைக்கு ஆள் வருவது குறைவு. நேற்று ஸ்பிரிங்வெளியிலிருந்து தனலெட்சுமி வந்தாள். தோட்டத்தில் கொழுந்து எடுக்கிறவள், உங்களுக்கும் தெரியும். வாசலில் நின்றே சத்தம் போட்டாளாம், ஸப்ரான் எழுதிக் காட்டினான். "என்ன மொதலாளி, ஈ ஓட்டிக்கிட்டு இருக்கீங்க? காலையில பேர் போடுற பெரட்டுல எல்லாரும் முஸ்லிம் நானா கடைக்குப் போவாதேங்கிறாங்க. எனக்குச் சீலைதானே வேணும், நானாவையா உடுத்தப் போறேன்?" பத்து நாளில் கடையில் கேட்ட ஒரே சிரிப்பு அது. மற்றவர்களுக்குக் கேட்டது என்று சொல்ல வேண்டும்.

ஷஹீலா ஆஸ்பத்திரிக்குப் போனபோது வாசலில் காதும் தெரிய வேண்டும் என்றார்களாம். "கேட்காத காது ஒரு சோடி வீட்டில் இருக்கிறது, கொண்டு வந்து காட்டவா?" என்று கேட்டிருக்கிறாள். இவளுக்கு என்றைக்குத்தான் வாய் அடங்கும்.

பள்ளிவாசலில் வாள், கத்தி எதுவும் வீட்டில் இருந்தால் ஒப்படைக்கச் சொல்லி அறிவித்தார்கள். கூட்டத்தில் எனக்குப் பேச்சு விளங்காது, ஆகவே பட்டியல் எழுதும் வேலை எனக்கு. மாட்டிறைச்சிக் கத்தி, தேங்காய் வெட்டும் கத்தி என்று கொண்டு வந்து அடுக்குகிறார்கள். ஒருவர் தையல் கத்தரிக்கோலைக் கொண்டு வந்தார். "எழுதுங்கள், பிறகு என் மேல் பழி வரக்கூடாது" என்றார். பயம் அந்த அளவுக்கு.

ராத்தா, அந்தச் சாமானை இடுப்பில் கட்டாதீர்கள். லைசன்ஸ் இருந்தாலும் இந்த நாளில் நம்முடைய கையில் அது நல்லதில்லை.

உங்கள் தம்பி,
ஷுக்ரி


மொனராகலை
2019 ஜூன் 9

அன்புள்ள தம்பிக்கு,

ஸலாம். பெருநாள் நல்லபடி கழிந்திருக்கும். இங்கே பக்கத்து வீட்டு நளீரா வட்டிலப்பம் கொண்டு வந்தாள். இனிப்பு கொஞ்சம் தூக்கல்தான், ஆனாலும் தின்றேன்.

மே பதினெட்டாம் திகதி பொலிஸ் வந்தது. ஜீப் ஒன்று, பின்னால் ஆமி டிரக் ஒன்று. மரியாதைக் குறைவாக ஒன்றும் பேசவில்லை. சப்பாத்தைக் கழற்றிவிட்டுத்தான் உள்ளே வந்தார்கள். பிஸ்டலைப் பாதுகாப்புக்காக எடுத்து வைப்பதாகச் சொல்லி, குண்டை எண்ணி, ரசீது தந்தார்கள். அதெல்லாம் ஒழுங்கு. ஆனால் தெரு முழுவதும் வாசலில் நின்று பார்த்தது. பிஸ்டலைப் போட்ட பெட்டியை ஜீப்புக்குக் கொண்டு போனபோது, "அந்த வீட்டிலுமா?" என்று ஒருவர் கேட்டது ஜன்னல் வழியே எனக்குக் கேட்டது. லைசன்ஸ் இருந்தது என்று இனி வீடு வீடாகப் போய்ச் சொல்லவா?

லைசன்ஸ் புத்தகத்தில் பார்த்து வந்தார்கள் என்றுதான் முதலில் நினைத்தேன். அதில்லை. தாள் ஒன்றை எடுத்துக் காட்டினார்கள். போட்டோ கொப்பி. என் பெயரும் வீட்டு விலாசமும் பிசகில்லாமல் இருந்தன. யார் கொடுத்தது என்று கேட்டேன், சொல்லவில்லை.

உனக்கு ஏதாவது தெரியுமா, தம்பி?

கடை நடக்கிறது. கல் கொண்டு வருகிறவர்கள் வருகிறார்கள்.

துஆவுடன்,
ராத்தா


பதுளை
2019 ஜூலை 14

அன்புள்ள ராத்தாவுக்கு,

ஸலாம். பதில் எழுதச் சுணங்கிவிட்டது, குறை நினைக்க வேண்டாம். எல்லோரும் சுகம். எனக்கு இடக் காதில் இரைச்சல் கூடியிருக்கிறது, டொக்டர் அது அப்படித்தான் என்கிறார்.

இங்கே நல்ல மழை. பண்டாரவளைக் கடையை மூடிவிட்டோம், பதுளைக் கடை மட்டும்தான். எல்ல ஊருக்கு வெள்ளைக்காரர்கள் திரும்பவும் ஒன்றிரண்டாக வருகிறார்களாம். மகள் இஸ்ரா பள்ளிக்கூடச் சோதனையில் நன்றாகச் செய்திருக்கிறாள். ஹஜ் பெருநாளைக்கு நீங்கள் இங்கே வந்து நாலு நாள் இருந்துவிட்டுப் போனால் என்ன? ஷஹீலாவும் கேட்கிறாள்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். வேறு என்ன எழுத?

உங்கள் தம்பி,
ஷுக்ரி


மொனராகலை
2019 ஜூலை 28

தம்பி ஷுக்ரிக்கு,

ஸலாம். நான் சுகம். உன் காது இரைச்சல் குறைய துஆ செய்கிறேன்.

நான் ஒன்று கேட்டிருந்தேன். நீ மழையைப் பற்றி எழுதியிருக்கிறாய்.

பெருநாளைக்கு வர வசதிப்படாது, கடையில் வேலை. பதுளை மேல் நீதிமன்றத்திலிருந்து சாட்சி சொல்ல வரும்படி கட்டளை வந்திருக்கிறது. செப்டம்பர் பதினேழு. உன் மச்சானின் கொலை வழக்குக்கு நான்தான் முதல் சாட்சி. அன்று காலை அவன் கல் காட்ட வீட்டுக்கு வந்ததைப் பார்த்தது நான் ஒருத்திதான், ஆகவே நான் போகாவிட்டால் வழக்கே இல்லை என்று அரசாங்க வழக்கறிஞர் சொல்லியனுப்பினார்.

ராத்தா நஸ்மியா


பதுளை
2019 ஆகஸ்ட் 25

அன்புள்ள ராத்தாவுக்கு,

ஸலாம். நல்ல செய்தியோடு தொடங்குகிறேன். அவசரகாலச் சட்டம் வியாழக்கிழமையோடு முடிந்தது. முகம் மூடுவதற்கு இருந்த தடையும் அதோடு போய்விட்டது என்கிறார்கள். இனி நீங்கள் முன்போலவே வரலாம், போகலாம்.

இனி, கேட்கப் பயமாக இருந்தாலும் கேட்க வேண்டிய ஒன்று. ஸ்பிரிங்வெளி சுரேஸ், தேயிலைப் பெட்டி ஏற்றுகிற லொறிக்காரன், மொனராகலைப் பக்கம் வந்து போனான். உங்கள் கடையை எட்டிப் பார்த்துவிட்டு வரச் சொல்லியிருந்தேன். வந்து என் முன்னால் நின்று தலையைச் சொறிந்தான். பிறகு காகிதத் துண்டு ஒன்றில் எழுதினான். "மொதலாளி, அக்கா கடை பூட்டிக் கெடக்குங்க. பூட்டுல துரு. பக்கத்துல கேட்டேன், மே மாசம் பூட்டுனதுன்னு சொல்றாங்க. அக்கா வெளிய வர்றதே இல்லயாம். சாமான் எல்லாம் பக்கத்து வீட்டம்மா வாங்கிக் குடுக்குறாங்களாம். நான் வீட்டுக் கதவத் தட்டினேன், தெறக்கல. உள்ள ஆள் நடக்குற சத்தம் மட்டும் கேட்டுச்சுங்க."

கடை நடக்கிறது, கல் வருகிறது என்று எனக்கு எழுதினீர்கள். மச்சான் மௌத்தானபோது நாலு மாதம் பத்து நாள் வெளியே போகாமல் இத்தா இருந்தீர்கள். அது மார்க்கக் கடமை. இப்போது யாருக்கு இத்தா இருக்கிறீர்கள், ராத்தா?

நான் வந்து கூட்டிப் போகட்டுமா?

தம்பி,
ஷுக்ரி


மொனராகலை
2019 செப்டம்பர் 3

தம்பிக்கு,

ஸலாம். சுகமா என்று நீ கேட்கவில்லை, அதற்கு நன்றி. கேட்டிருந்தால் சுகம் என்றுதான் எழுதியிருப்பேன்.

சுரேஸ் எழுதியது உண்மை. அவன் தட்டியபோது கதவுக்கு இந்தப் பக்கம்தான் நின்றேன்.

இதை உனக்கு எப்படி விளங்க வைப்பது என்று தெரியவில்லை. சந்தி டீக்கடையில் வெளி பெஞ்சில் உன் மச்சானை வெட்டியவன் இருப்பான், காலையிலும் அசர் தொழுது முடிகிற மாலையிலும். நான் கடைக்கு அந்த வழியாகத்தான் போக வேண்டும். நிகாபோடு போகும்போது அவனுக்கு நான் யாரோ ஒரு முஸ்லிம் பெண். துணிக்குள்ளே கை பிஸ்டலில் இருக்கும். ஒரு நாள் கால்களை நீட்டிக்கொண்டிருந்தவன் எனக்கு வழி விட மடக்கிக்கொண்டான். ஸலாம் சொல்லவா என்று கூட நினைத்தேன். அப்படி ஒரு துணிவு இருந்தது, தம்பி. இரண்டு வருடம் அப்படி நடந்தேன்.

சோதனைச்சாவடியிலிருந்து திரும்பி வந்த அன்று திறந்த முகத்தோடு அவனைக் கடந்தேன். நிமிர்ந்து பார்த்தான். யார் என்று தெரியாமல்தான் பார்த்தான். ஆனால் பக்கத்தில் இருந்தவனிடம் ஏதோ கேட்டான். சந்தியில் சொல்ல ஆள் இல்லாமலா போகும்? அடுத்த நாள் செருப்பைப் போட்டேன், கழற்றினேன். அதற்கடுத்த நாளும் அப்படித்தான். பதினெட்டாம் திகதி பிஸ்டலும் போனதோடு செருப்பை எடுத்து உள்ளே வைத்துவிட்டேன்.

சட்டம் போய்விட்டது என்று எழுதினாய். மருந்துக்கடை வாசலில் ஒட்டிய அறிவித்தல் இன்னும் அப்படியே இருக்கிறதாம், நளீரா சொன்னாள். பிஸ்டலைத் திருப்பிக் கேட்டு எழுதினேன், லைசன்ஸ் கொடுக்கிற அலுவலகத்திலிருந்து பதில் வந்தது. முகத்தை மூடமாட்டேன் என்று கையெழுத்திட்டுக் கொடுத்தால் தரலாமாம். லைசன்ஸில் உள்ள முகம் வீதியிலும் தெரிய வேண்டுமாம். வருட முடிவுக்குள் பதில் சொல்ல வேண்டும். அவர்கள் சொல்வதிலும் ஒரு நியாயம் இருக்கிறது. மூடிய முகத்தோடு ஆயுதம் வைத்திருக்கிற ஒருவரைக் கண்டால் நானும் பயப்படுவேன். ஆனால் என்னிடம் இருந்ததே அந்த இரண்டும்தான்.

நீ வர வேண்டாம். பதினேழாம் திகதி நானே வருவேன், வந்தால்.

ராத்தா


பதுளை
2019 செப்டம்பர் 9

அன்புள்ள ராத்தாவுக்கு,

ஸலாம். இந்தக் கடிதத்தை நாலு முறை எழுதிக் கிழித்தேன்.

பட்டியலில் உங்கள் பெயரை எழுதியது நான்.

மே ஆறாம் திகதி. பள்ளிவாசலில் கத்தி எல்லாம் எழுதி முடித்த பிறகு தலைவர் என் முன்னால் ஒரு துண்டு வைத்தார். "வேறு ஏதும் நம் ஆட்களிடம் இருக்கிறதா? பிறகு ஏதாவது வெளியே வந்தால் முழு ஊருக்கும் ஆபத்து" என்று எழுதியிருந்தது. எல்லோரும் என்னைத்தான் பார்ப்பதுபோல் இருந்தது. அவர்களுக்கு ஒன்றும் தெரியாது. எனக்குத்தான் தெரியும். நாம் எதையும் மறைக்காத ஆட்கள் என்று காட்ட வேண்டும் என்று நினைத்தேன். லைசன்ஸ் உள்ளது என்றும் எழுதினேன், ராத்தா, அடைப்புக்குள் எழுதினேன். அந்தப் பட்டியல் மொனராகலை வரை வரும் என்று நினைக்கவில்லை.

நீங்கள் ஜூனில் கேட்டபோது சொல்லியிருக்க வேண்டும். மழையைப் பற்றி எழுதினேன்.

பதினேழாம் திகதி காலை நீதிமன்றத்துக்கு வரட்டுமா? ஒரு வரி எழுதினால் போதும்.

ஷுக்ரி


பதுளை
2019 செப்டம்பர் 19

அன்புள்ள ராத்தாவுக்கு,

உங்களிடமிருந்து பதில் இல்லை. வரச் சொல்லாத இடத்துக்கு வரக்கூடாது என்று அன்று கடையிலேயே இருந்தேன். ஷஹீலா சோறு ஆக்கி, மாலை வரை மூடி வைத்திருந்தாள். நீங்கள் பதுளைக்கு வந்தீர்களா, வரவில்லையா என்று கூட எங்களுக்குத் தெரியாது. நீதிமன்றத்தில் கேட்க வெட்கமாக இருந்தது. சாட்சியின் தம்பி என்று சொல்லிக்கொண்டு போய், சாட்சி வந்தாளா என்று எப்படிக் கேட்பது?

சுகமாக இருக்கிறேன் என்று மட்டுமாவது எழுதுங்கள். பொய்யாக இருந்தாலும் பரவாயில்லை.

ஷுக்ரி


மொனராகலை
2019 நவம்பர் 30

தம்பி ஷுக்ரிக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நான் உயிரோடு இருக்கிறேன். சுகத்தைப் பற்றிப் பிறகு எழுதுகிறேன்.

முதலில் அந்தத் தாள். மே பதினெட்டாம் திகதி என் வீட்டு மேசையில் வைத்துக் காட்டினார்கள் என்று எழுதினேன் அல்லவா? எட்டு வருடமாக மாதம் ஒரு கடிதம் அந்தக் கையெழுத்தில்தான் எனக்கு வருகிறது. பார்த்த உடனே தெரிந்தது. அடைப்புக்குள் எழுதியிருந்ததையும் வாசித்தேன். நீயாகச் சொல்வாய் என்று நாலு மாதம் இருந்தேன். சொன்னாய். சொன்ன பிறகு என்ன செய்வது என்று எனக்குத் தெரியவில்லை. அதனால்தான் பதில் எழுதவில்லை. கோபம் மட்டும் என்றால் எப்போதோ எழுதியிருப்பேன்.

பதினேழாம் திகதி பதுளைக்கு வந்தேன். விடிய முதல் பஸ்ஸில், நிகாபோடு. யாரும் தடுக்கவில்லை, பக்கத்தில் யாரும் உட்காரவும் இல்லை. பசார் வழியாக நடந்தேன். உன் கடையைக் கடந்தேன். குனிந்து துணி அளந்துகொண்டிருந்தாய். நின்றேன், பிறகு போய்விட்டேன்.

சாட்சிக் கூண்டில் முகத்தைத் திறக்கச் சொன்னார்கள். நீதிபதியின் அறையில் தனியே காட்டலாம் என்று முன்பு ஒரு பேச்சு இருந்தது, அன்று அது சரிவரவில்லை. திறந்தேன். பத்தடி தூரத்தில் அவன். என் முகத்தை மெல்ல, ஒவ்வொரு இடமாகப் பார்த்தான், பாடமாக்குகிற பிள்ளை மாதிரி. அவனுடைய வழக்கறிஞர் எழும்பினார். "அந்த வீட்டில் அன்று இருந்த பெண் முகத்தை மூடியிருந்தாள். அது நீங்கள்தான் என்பதற்கு என்ன சாட்சி? உங்கள் முகத்தை யார் பார்த்தது?" என்று கேட்டார். மண்டபத்தில் சிலர் சிரித்தார்கள். நல்ல கேள்விதான்.

நான் சொன்னேன்: "என் முகத்தை யாரும் பார்க்கவில்லை. அவருக்குத் தேத்தண்ணி கொடுத்தது நான். சீனி எவ்வளவு என்று கேட்டேன். மூன்று கரண்டி என்றார். 'மூன்றா?' என்று நான் திரும்பக் கேட்டதற்கு, 'கல் விற்கப் போகிறேன், இனிப்பாக இருக்கட்டும்' என்றார்." அன்று அவன் கேட்ட அதே குரலில் அந்த வார்த்தையைச் சொன்னதும் அவன் தலை கீழே போனது. நீதிபதி அதைப் பார்த்தார். எழுதியும் கொண்டார்.

வெளியே வந்ததும் வாசலிலேயே நிகாபைத் திரும்பக் கட்டினேன். அரசாங்க வழக்கறிஞருடன் நின்ற பெண், "இனி எதற்கு ஆன்ட்டி, அவன்தான் பார்த்துவிட்டானே?" என்றாள். அவனுக்காக நான் அதைக் கட்டவில்லை, மகள் என்றேன். கட்டத் தொடங்கியபோது எனக்கு இருபத்தாறு வயது, அவன் பால் பல் விழாத பிள்ளையாக இருந்திருப்பான். இடையில் அவனுக்காகவும் உதவியது, அவ்வளவுதான்.

லைசன்ஸ் அலுவலகத்துக்கும் போய் வந்தேன். கையெழுத்துப் போடவில்லை. லைசன்ஸைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். அதிகாரி கதிரை தந்து, "நன்றாக யோசித்தீர்களா, அம்மா? உங்களுக்கு ஆபத்து இருக்கிறது என்று கோப்பிலேயே இருக்கிறதே" என்று இரண்டு தரம் கேட்டார். நல்ல மனிதர். யோசித்தேன் என்றேன். புத்தகத்தில் என் படத்தின் மேல் குறுக்கே ஒரு கோடு போட்டார்.

கடையைத் திறந்து மூன்று வாரமாகிறது. இந்த முறை உண்மை, வேண்டுமானால் சுரேஸை அனுப்பிப் பார். நேற்றுத்தான் ஒரு ஆள் கல் கொண்டு வந்தார், நல்ல நீலம். சந்தியைக் கடக்கும்போது அவன் இப்போது காலை மடக்குவதில்லை. நான் சுற்றிக்கொண்டு போகிறேன். பயம் போய்விட்டது என்று எழுதினால் அது திரும்பவும் முதல் கடிதம் போலாகிவிடும்.

மன்னித்தேன் என்று எழுத இன்னும் கை வரவில்லை, தம்பி. வற்புறுத்தாதே.

வழக்கு ஜனவரி இருபத்தொன்றாம் திகதிக்குப் போட்டிருக்கிறார்கள். மிச்சக் கேள்விகள் அன்றுதான். ஒன்பதரைக்குப் பதுளை பஸ் நிலையத்தில் இறங்குவேன். பிஸ்டல் இல்லாமல் நடக்க இன்னும் பழகவில்லை. கை தானாக வலப் பக்கம் போய் வெறும் துணியைப் பிடிக்கிறது. நீ வா. ஒன்றும் பேச வேண்டாம். நீதிமன்ற வாசல் வரைக்கும் என் வலப் பக்கமாக நடந்து வா.

ராத்தா
நஸ்மியா